கையில் கொடுக்காத உப்பு

சுந்தரமூர்த்தி வீட்டு உப்பு ஜாடி பரண் ஏறியதோடு போன வாரம் நின்றோம். அது ஏறும்போது சீதாலட்சுமியின் முகம் எப்படி இருந்தது என்று பெங்களூர் சந்தாபுரா அடுக்ககத்தின் இரண்டாம் மாடி முழுக்கத் தெரியும். கதவு திறந்து கிடந்தால் யார்தான் பார்க்காமல் போவார்கள்?

கதைக்குப் புதிதாக வந்தவர்களுக்கு இரண்டு வார்த்தை. பொம்மசந்திராவில் ஒரு பம்பு தொழிற்சாலையில் சூப்பர்வைசராக இருந்து ஓய்வு பெற்றவர் சுந்தரமூர்த்தி. சர்க்கரை அவருக்குப் பழைய சொந்தம். அது போதாதென்று இப்போது சிறுநீரகமும் சேர்ந்துகொண்டது. உப்பைக் குறைக்கச் சொன்னார் டாக்டர். குறைப்பதென்ன, வீட்டை விட்டே விரட்டுகிறேன் என்று கிளம்பினாள் மருமகள் இளவேனில். மகன் கவியரசன் வழக்கம்போல் எலெக்ட்ரானிக் சிட்டி ஆபீஸில் இருந்தான். மாமியார் சீதாலட்சுமி வழக்கம்போல் ஒன்றும் சொல்லவில்லை. சொல்லாமல் இருப்பதில் அவளை மிஞ்ச அந்த பிளாக்கில் ஆள் கிடையாது.

அன்று காலையும் இளவேனில் சமையல் மேடையில் தன் கச்சேரியை ஆரம்பித்தாள்.

காலியான தேன் பாட்டில் ஒன்று. அதில் செக்கு நல்லெண்ணெய். எலுமிச்சைச் சாறு சில சொட்டு மட்டும். அதற்கு மேல் வேண்டாம் என்று டயட்டீஷியன் சொன்னதை அவள் வேதவாக்காக வைத்திருந்தாள். வறுத்துப் பொடித்த சீரகம், ஒன்றிரண்டாக இடித்த மிளகு, நசுக்கிய பூண்டு, கரண்டி நுனியில் கொஞ்சம் கடுகுப்பொடி. எண்ணெயும் சாறும் பிரிந்துவிடாமல் பிடித்து வைப்பது கடுகுதானாம். மூடியை இறுக்கிக் குலுக்கினாள். தனித்தனியாக நின்ற இரண்டும் கலங்கி, வெளுத்து, மோர்க்குழம்பு நிறத்துக்கு வந்தன.

"நாக்கை ஏமாத்தணும் அத்தை. புளிப்பும் காரமும் முன்னாடி வந்து நின்னுட்டா, உப்பு எங்கேன்னு அது தேடாது."

"ம்" என்றாள் சீதாலட்சுமி.

"ஆனா ஒண்ணுதான் புரியல. கடைசில ஒரு கசப்பு வருதுன்னு மாமா தினம் சொல்றாரு. சீரகம் கருகிடுச்சோன்னு வேற வறுத்தேன். எண்ணெயை மாத்தினேன். பூண்டு பழசா இருக்குமோன்னு அத்திபெலே வரைக்கும் போய்ப் புதுசு வாங்கினேன். இன்னும் கசக்குதாம். எனக்கு மட்டும் கசக்கவே மாட்டேங்குது."

சீதாலட்சுமி வெள்ளரிக்காய் நறுக்குவதில் மும்முரமானாள். "வயசானா வாய் கசக்கும்மா."

"அப்படியா சொல்றீங்க?"

"பின்னே?"

மருமகளை அவள் 'அம்மா' போட்டுத்தான் கூப்பிடுவாள். வாம்மா, இந்தாம்மா, ஏம்மா. கல்யாணமாகி வந்ததிலிருந்து பெயர் சொல்லி ஒரு தடவை கூப்பிட்டதில்லை. அதை மரியாதை என்று எடுத்துக்கொள்வதா, தூரம் என்று எடுத்துக்கொள்வதா என்று இளவேனில் குழம்பியதுண்டு. நாம் குழம்பவில்லை.

அந்த வீட்டில் இன்னொரு வழக்கமும் உண்டு. யார் சமைத்தாலும் சுந்தரமூர்த்திக்குப் பரிமாறுவது சீதாலட்சுமியின் கைதான். வேறு கையால் வைத்தால் மனிதர் தட்டைத் தொடமாட்டார். ஜாடி பரண் ஏறிய பிறகு அவளிடம் மிஞ்சிய உத்தியோகம் அது ஒன்றுதான்.

வெள்ளரியும் முட்டைக்கோஸும் நிறைந்த கிண்ணத்தில் இளவேனில் பாட்டிலைக் கவிழ்த்துக் கொடுத்தாள். சீதாலட்சுமி வாங்கிக்கொண்டு நடந்தாள். மேடையிலிருந்து மேஜைக்குப் போகும் வழியில் பூஜை அலமாரி. அதன் கீழ்த்தட்டில் கோலப்பொடி டப்பா. அவள் குனிந்தாள். நிமிர்ந்தாள். கிண்ணத்தை விரல்களால் ஒரு கலக்கு கலக்கினாள். மேஜையில் வைத்தாள்.

வாசலில் ஒட்டியிருப்பது ஸ்டிக்கர் கோலம். அப்புறம் பொடிக்கு அந்த வீட்டில் என்ன வேலை? இதை யாரும் கேட்கவில்லை. இத்தனை துருவும் நாமும் கோட்டை விட்டோம்.

டப்பாவில் இருந்தது மூன்றாம் மாடி ஜகதாம்பாளின் உபயம். அவள் வீட்டுக்காரருக்கு பிரஷர் மட்டும்தான். உப்பில்லாமல் புருஷன் இளைத்துப் போகிறார், கிண்ணத்தைத் தள்ளிவிட்டு 'புல்லு திங்கிற மாதிரி இருக்கு சீதா' என்கிறார் என்று லிப்ட் வாசலில் சீதாலட்சுமி கண் கலங்கியபோது, ஜகதாம்பாள் மேலே போய் ஒரு பாக்கெட்டோடு வந்தாள்.

"இது உப்பு மாதிரி இருக்கும், ஆனா கெட்ட உப்பு இல்லீங்க. எங்க வீட்ல இதுதான். பாருங்க, பாக்கெட்லயே இதயம் போட்டிருக்கான்."

ஆனால் கையில் தரவில்லை. உப்பைக் கைக்குக் கை கொடுத்தால் இரண்டு வீட்டுக்கும் சண்டை வரும் அல்லவா? தபால் பெட்டியின் தலையில் வைத்தாள். சீதாலட்சுமி அங்கிருந்து எடுத்துக்கொண்டாள். அவ்வளவு ஜாக்கிரதையான பெண்கள். பாக்கெட்டின் பின்பக்கம் எறும்பு ஊர்ந்த மாதிரி இங்கிலீஷில் என்னவோ போட்டிருந்தது. அதை இருவரும் படிக்கவில்லை.

கெட்ட உப்பு இல்லைதானே? முதலில் ஒரு சிட்டிகை போட்டாள். அவருக்குப் பத்தவில்லை. சிட்டிகை இரண்டானது, பிறகு மூன்று விரலால் அள்ளுவதானது. சுந்தரமூர்த்தி கிண்ணத்தைக் காலி செய்ய ஆரம்பித்தார். பெயர் மருமகளின் பாட்டிலுக்குப் போனது. அந்த வயிற்றெரிச்சலைக்கூட சீதாலட்சுமி முழுங்கிக்கொண்டாள். அவர் சாப்பிடுகிறாரே!

சுந்தரமூர்த்தி ஒரு வாய் மென்றார். மனைவியைப் பார்த்து ஒரு கண்ணைச் சிமிட்டினார். டப்பா விஷயம் அவருக்கு முதல் நாளே தெரியும். எதிரே பூஜை அலமாரியைப் பார்த்துத்தானே அவர் நாற்காலி?

"மருமக கைப்பக்குவம் மருமக கைப்பக்குவம்தான்!" என்றார் சத்தமாக.

உள்ளே இளவேனில் போனில் கிருஷ்ணகிரியில் இருக்கும் தன் அம்மாவிடம் சொல்லிக்கொண்டிருந்தாள்: "ஆமாம்மா, இன்னைக்கும் பூரா சாப்பிட்டாரு. எனக்கு அழுகையே வருது."

அழுகை வந்தது. ஆனால் அதற்கு இல்லை.

சாப்பிட்டுக் கை கழுவப் போனவர் வாஷ்பேசினைப் பிடித்துக்கொண்டு நின்றுவிட்டார். "சீதா, கால் என்னுது மாதிரியே இல்ல. பஞ்சுல நிக்கிறாப்ல இருக்கு."

"உக்காருங்க, சோடா குடிச்சா சரியாப் போயிடும்."

அவர் உட்காரவில்லை. சரிந்தார்.

இளவேனில் போனை அப்படியே போட்டுவிட்டு ஓடி வந்து மணிக்கட்டைப் பிடித்தாள். நாடி ஒன்று அடித்தது. அடுத்தது வருவதற்குள் அவளுக்கே மூச்சு முட்டியது.

செக்யூரிட்டி ரங்கா பிளாஸ்டிக் நாற்காலியோடு வந்தான். "ஹெதரபேடி அம்மா, பயப்படாதீங்க, நான் இருக்கேன். சார், கைய தோள் மேல போடுங்க." நாற்காலியோடு தூக்கி லிப்டில் ஏற்றினான். கீழே ஜகதாம்பாள் நின்றிருந்தாள்.

"ஐயோ, என்னாச்சு? எல்லாத்தையும் பச்சையாத் தின்னா இப்படித்தான். காலம்போன காலத்துல சாலட் என்ன வேண்டிக்கிடக்கு?" என்று மருமகளை ஒரு பார்வை பார்த்தாள். பாக்கெட் கொடுத்த கைதான் முகவாயில் இருந்தது.

ஓசூர் ரோட்டில் லாரிகள் வழக்கம்போல் ஊர்ந்தன. ஆஸ்பத்திரி போய்ச் சேரும்வரை இளவேனில் மாமனாரின் மார்பைத் தேய்த்துக்கொண்டே வந்தாள். சீதாலட்சுமி அவர் காலைப் பிடித்துக்கொண்டிருந்தாள். அது ஜில்லென்றிருந்தது.

அவசரப் பிரிவின் டாக்டர் பெயர் ஸ்ரீஹர்ஷா. மைசூர்ப் பக்கத்துப் பையன், பொம்மசந்திரா தொழிலாளர்களிடம் பேசிப் பேசித் தமிழ் படித்தவர். வெளியே வந்தபோது முகம் சரியில்லை.

"அம்மா, ரத்தத்துல பொட்டாசியம் ரொம்ப ஏறியிருக்கு. ஹார்ட் நிதானமா ஆகுது. ஊசி போட்டிருக்கோம். வீட்ல என்ன சாப்பிட்டாரு?"

"வெள்ளரி, முட்டைக்கோஸ். டிரெஸ்ஸிங் நான் செஞ்சது" என்று இளவேனில் ஒவ்வொன்றாகச் சொன்னாள். அதற்குள் கவியரசன் அடையாள அட்டை கழுத்தில் ஆட ஓடி வந்துவிட்டான்.

"எலுமிச்சம்பழமா?" என்றான். "எலுமிச்சம்பழத்துல பொட்டாசியம் இருக்கு இல்ல டாக்டர்?"

"அது சில சொட்டு சார். அதுக்கு இவ்வளவு ஏறாது" என்றார் டாக்டர். "இன்னொண்ணு கேக்கறேன். உப்புக்குப் பதிலா வேற உப்பு ஏதாச்சும்? லோ சோடியம்னு விக்கறாங்க, பாக்கெட்ல இதயம் எல்லாம் போட்டிருப்பாங்க. மத்தவங்களுக்குப் பரவாயில்ல. கிட்னி வீக்கா இருக்கறவங்க தொடவே கூடாது. சோடியத்தைக் குறைச்சுட்டு அதுல பொட்டாசியத்தைத்தான் போடறாங்க. கிட்னி அதை வெளிய தள்ளாது. நேரா ஹார்ட்டைப் பிடிக்கும்."

"எங்க வீட்ல உப்பே இல்ல டாக்டர்" என்றாள் இளவேனில். அதைச் சொல்லும்போது அவள் தலை கொஞ்சம் நிமிர்ந்தது. பாவம்.

சீதாலட்சுமிக்குக் காது அடைத்தது. இதயம் போட்ட பாக்கெட். சிவப்பு இதயம். பக்கத்தில் சிரிக்கும் ஒரு குடும்பம்.

"காரணம் தெரிஞ்சா நல்லது" என்றார் டாக்டர். "அதை நிறுத்திட்டு மருந்துலயே இறக்கப் பாக்கலாம். தெரியலைன்னா, கிட்னி முழுசா நின்னுடுச்சுன்னுதான் நாங்க எடுத்துக்கணும். கழுத்துல டியூப் போட்டு டயாலிசிஸ். அப்புறம் அதுவே வழக்கமாயிடலாம். யோசிச்சுப் பாருங்க. வீட்ல இருக்கற மாத்திரை, அந்த பாட்டில், எல்லாம் எடுத்துட்டு வாங்க."

சீதாலட்சுமி வாயைத் திறந்தாள். அதற்குள் மகன் திறந்துவிட்டான்.

"யூடியூப்பைப் பார்த்துட்டு எங்கப்பாவை வெச்சு டெஸ்ட் பண்ணியா? எலியா அவரு? டிரெஸ்ஸிங்காம் டிரெஸ்ஸிங். உங்க வீட்ல எவனாவது இதைத் தின்னிருக்கானா?"

"கவி, மெதுவா."

"என்னடி மெதுவா? உள்ள கிடக்கறது யாரு, உங்கப்பனா?"

வரிசையாக உட்கார்ந்திருந்தவர்கள் எல்லோரும் திரும்பிப் பார்த்தார்கள். ஒரு அம்மாள் தூங்கும் புருஷனைத் தட்டி எழுப்பி வேறு காட்டினாள். இளவேனில் மாமியாரைப் பார்த்தாள். ஒரு வார்த்தை வரும் என்று நினைத்தாளோ என்னவோ. சீதாலட்சுமி தன் புடவைத் தலைப்பின் நுனியை முறுக்கிக்கொண்டிருந்தாள்.

திறந்த வாய் மூடிக்கொண்டது. இதோ சொல்லிவிடலாம், அவன் கொஞ்சம் ஆறட்டும். இதோ சொல்லிவிடலாம், இவர்கள் முகத்தைத் திருப்பட்டும். இப்படிச் சொல்லிக்கொண்டே அவள் உட்கார்ந்திருந்தாள். உள்ளே புருஷனின் இதயம் நின்று நின்று அடித்துக்கொண்டிருந்தது.

பாட்டிலையும் மாத்திரைகளையும் எடுத்துவர இளவேனில் வீட்டுக்குக் கிளம்பினாள்.

அவள் திரும்பி வந்தபோது கவியரசன் மருந்துக் கடை வரிசையில் இருந்தான். அவள் கையில் தேன் பாட்டில், தோளில் பை. மாமியாருக்கு ஒரு நாற்காலி தள்ளி உட்கார்ந்தாள்.

"கிண்ணம் சிங்க்ல கழுவாம கிடந்தது அத்தை."

சீதாலட்சுமி தலைப்பை மறுபடி முறுக்கினாள்.

"அடியில மிச்சம் இருந்தது. விரலால தொட்டு நாக்குல வெச்சேன். கசந்தது." அவள் சிரித்தாள். சிரிப்பு மாதிரியே இல்லை. "எத்தனை நாளா இந்தக் கசப்பைத் தேடினேன் தெரியுமா? அது கிண்ணத்துலதான் இருந்திருக்கு. பாட்டில்ல இல்ல."

"இல்லம்மா, நான் வந்து..."

"நம்ம வாசல்ல ஸ்டிக்கர் கோலம்தானே?"

பையிலிருந்து டப்பாவை எடுத்தாள். சீதாலட்சுமி பதறிப்போய் இருவருக்கும் நடுவே காலியாக இருந்த நாற்காலியைக் காட்டினாள். அதில் வைத்துவிடு என்று. அந்த நேரத்திலும் கைக்குக் கை வேண்டாம் என்றுதான் தோன்றியது அவளுக்கு.

இளவேனில் கிருஷ்ணகிரிப் பெண்தான். வழக்கம் அவளுக்கும் தெரியும். மாமியாரின் கையைப் பிடித்தாள். மடங்கியிருந்த விரல்களை விரித்தாள். டப்பாவை உள்ளங்கையில் வைத்து விரல்களை அதன்மேல் மூடினாள்.

"நான் சொன்னா, தப்பிக்கறதுக்கு உங்க மேல பழி போடறேம்பான் உங்க பையன். நீங்கதான் சொல்லணும். அவரு கழுத்துல ஓட்டை போடறதுக்குள்ள சொல்லுங்க."

"அவர் இளைச்சுப் போயிட்டாரேம்மா..." என்றாள் சீதாலட்சுமி. "நல்லதுன்னுதான் போட்டேன்."

"நானும் நல்லதுன்னுதான் செஞ்சேன் அத்தை."

கதவு திறந்தது. டாக்டர் ஸ்ரீஹர்ஷா. மருந்துப் பையோடு கவியரசனும் அந்தப் பக்கத்திலிருந்து வந்து சேர்ந்தான்.

"அப்பா கண்ணைத் திறந்தாரு. நான் கேட்டதுக்கு, ஆமா, உப்பு மாதிரி ஒண்ணு தினமும் போட்டாங்கன்னாரு. யார் போட்டாங்கன்னு கேட்டேன்." டாக்டர் சுற்றிலும் பார்த்தார். "இதுல மருமக யாரு?"

சீதாலட்சுமிக்குப் புரிந்தது. சாப்பாட்டு மேஜையில் சிமிட்டிய கண். சாகக் கிடக்கும்போதும் மனிதர் அவளைக் காப்பாற்றுகிறார். மருமகளை விற்று, மனைவியை மீட்கிறார். இத்தனை வருஷத்தில் அவளுக்காக ஒரு தீபாவளிப் புடவையைக்கூட அவராகத் தேர்ந்தெடுத்ததில்லை.

"நீயா?" கவியரசன் பாய்ந்தான். "டாக்டர்கிட்ட உப்பே இல்லைன்னு பொய் வேற சொன்னியா நீ?"

இளவேனில் எழுந்து நின்றாள். மறுக்கவில்லை. மாமியாரை மட்டும் பார்த்தாள்.

எவ்வளவு சுலபம்! டப்பாவைத் தலைப்புக்குள் மறைத்துக்கொண்டால் போதும். காரணம் தெரிந்துவிட்டது, மருத்துவமும் நடக்கும். வீட்டிலும் ஜாடி இறங்கும், சமையலறை திரும்பி வரும், மகன் மடியில் விழுந்து அழுவான். சொல்லாமல் இருப்பதில்தான் அவளை மிஞ்ச ஆள் இல்லையே.

அவள் டப்பாவைத் திறந்தாள். வெள்ளைப் பொடி கொஞ்சம் தரையில் சிதறியது.

"இதுதான் டாக்டர். மூணு விரலால அள்ளிப் போட்டேன். நான்தான். அந்தப் பொண்ணுக்கு எதுவும் தெரியாது. அவர்... அவர் மயக்கத்துல மாத்திச் சொல்றாரு."

அந்தக் கடைசிப் பொய்யை அவளால் விட முடியவில்லை. புருஷன் ஆயிற்றே.

டாக்டர் டப்பாவை வாங்கி மோந்து பார்த்தார். ஒரு துளி நாக்கில் வைத்தார். "சரி. ஒள்ளேது... நல்லதாப் போச்சு, டியூபை இப்ப நிறுத்தி வெக்கறேன். மருந்துல இறங்குதான்னு பாப்போம். இன்னும் எதுவும் சொல்ல முடியாது." உள்ளே ஓடினார்.

கவியரசன் அம்மாவைப் பார்த்தான். அவளிடம் கத்த அவனுக்கு வாய் வரவில்லை. மனைவியிடம் வந்த வாய் எங்கே போனது என்று கேட்க அங்கே ஆள் இல்லை.

"இளா..." என்று திரும்பினான்.

நாற்காலியில் தேன் பாட்டில் மட்டும் இருந்தது. குலுக்க ஆளில்லாமல் எண்ணெய் மேலும் சாறு கீழுமாகப் பிரிந்து நின்றது.

நர்ஸ் தமயந்தி கதவிலிருந்து தலையை நீட்டினாள். "பேஷண்ட் மருமகளைக் கூப்பிடறாரு. ஏதோ சொல்லணுமாம். சீக்கிரம் வாங்க, நாடி மறுபடியும் இறங்குது."

கவியரசன் நின்ற இடத்திலேயே நின்றான். லிப்ட் கீழே போய்க்கொண்டிருந்தது. சீதாலட்சுமி செருப்பைத் தேடவில்லை. மாடிப்படிகளில் கைப்பிடியைப் பற்றிக்கொண்டு, மூட்டு வலிக்க, இறங்கி ஓடினாள்.

வாசலில் ஓர் ஆட்டோ, கிருஷ்ணகிரிக்குப் போகும் ஓசூர்ப் பக்கமாகத் திரும்பிக்கொண்டிருந்தது. பின் சீட்டில் மருமகளின் நீலச் சுடிதார்.

"இளவேனில்!"

லாரிகளின் இரைச்சலில் அந்தப் பெயர் முதல் தடவையாக அவள் வாயிலிருந்து வந்தது. இன்னொரு தடவை கத்தினாள்.

ஆட்டோவின் வேகம் குறைந்தது. முன்னால் சிக்னல் சிவப்பாக இருந்தது.